அறிவியல் ஆவணப்படத்தில் அழகூட்டல் எதுவரை செல்லலாம்?

கேள்வி:
வணக்கம். கரைசலிலிருந்து படிகங்கள் வளர்வதை நுண்ணோக்கி வழியாகப் பதிவு செய்து, குறும் ஆவணப்படம் ஒன்றை உருவாக்கி வருகிறேன். ஓவியம் பயின்றவன் என்பதால், படத்தொகுப்பின்போது நிறங்களை மாற்றவும், படிகம் விரியும் கணங்களில் கண்ணாடி நொறுங்குவது போன்ற ஒலியைச் சேர்க்கவும் விரும்புகிறேன். உடன் பணியாற்றும் வேதியியல் ஆய்வாளரோ, இவ்விரண்டுமே பார்வையாளரை ஏமாற்றும் செயல் என்கிறார். எல்லையை எங்கே வகுப்பது?

மறுமொழி 1:
நிறம் எப்படிக் கிடைத்தது என்பதைப் பொறுத்தது. ஒன்றுக்கொன்று குறுக்காக வைத்த இரு போலராய்டு தகடுகளுக்கு (ஒரே தளத்தில் அதிரும் ஒளியை மட்டும் விடும் வடிகட்டிகள்) இடையே படிகத்தை வைத்துப் படமெடுத்திருந்தால், திரையில் தெரியும் நீலமும் மஞ்சளும் படிகத்தின் தடிமனாலும் அது அமைந்துள்ள திசையாலும் விளைபவை. வைட்டமின் சி கரைசலில் ஒரு துளியைக் கண்ணாடிச் சில்லில் உலரவிட்டு, அத்தகடுகளுக்கு இடையே வைத்துப் பாருங்கள். விசிறிபோல் விரியும் படிகத்தின் தடிமன் மாறுமிடமெல்லாம் நிறமும் மாறும். அதை அழகுக்காகத் திருத்துவது, நிலப்படத்தில் சமவுயரக் கோடுகளை நகர்த்தி வரைவதற்கு ஒப்பாகும். எலக்ட்ரான் நுண்ணோக்கிப் படங்களின் நிலை வேறு. அவை இயல்பிலேயே கறுப்பு வெள்ளையானவை. நிறம் பின்னர் சேர்க்கப்பட்டது என்று ஒரு வரியில் தெரிவித்துவிட்டால் போதும்.

மறுமொழி 2:
ஒலியைப் பற்றி மட்டும் சொல்கிறேன். உயிரியல் பயின்ற பிரெஞ்சு இயக்குநர் ழான் பான்லவே, 1934இல் ஆண் கடற்குதிரை குஞ்சு ஈனுவதைத் திரையில் காட்டியவர். 1945இல் வெளியான தம் இரத்த வௌவால் படத்துக்கு டியூக் எலிங்டனின் ஜாஸ் இசையைப் பயன்படுத்தினார். அந்த இசையை வௌவால் எழுப்பும் ஒலி என்று யாரும் நம்பப்போவதில்லை. உங்கள் கண்ணாடி ஒலியோ படிகத்திலிருந்தே எழுவதாகத்தான் காதில் விழும். ஆகவே இசை தாராளமாக இருக்கட்டும், ஆனால் அந்த ஒலி வேண்டாம் என்பதே என் கருத்து. நிறத்தில் மேலே எழுதியவர் சற்றுக் கடுமை காட்டுகிறாரோ என்று தோன்றுகிறது.

மறுமொழி 3:
காலத்தை எவரும் கவனிக்கவில்லையே! பத்து வினாடிக்கு ஒரு சட்டகம் வீதம் எடுத்து, வினாடிக்கு 24 சட்டகங்களாக ஓட்டினால், திரையில் கழியும் ஒரு வினாடி உண்மையில் 4 நிமிடங்கள். ஒரே காட்சிக்குள் இந்த வேகத்தைக் கூட்டிக் குறைத்தால், படிகமே திடீரெனப் பாய்ந்து வளர்ந்ததாகப் பார்வையாளர் எண்ணிக்கொள்வார். நிறமாற்றத்தை விட இது பெரிய பொய். காட்சி முடியும் வரை வேகத்தை மாற்றாதீர்கள்.

கேள்வி கேட்டவர்:
நன்றி. போலராய்டு முறையில்தான் எடுத்திருக்கிறேன், அந்நிறங்களைத் தொடப்போவதில்லை. வெளிச்சத்தைக் கூட்டுவதும் தவறாகுமா?

மறுமொழி 1:
சட்டகம் முழுவதற்கும் ஒரே அளவில் கூட்டினால் தவறில்லை. படிகத்தை மட்டும் ஒளிரவைத்து, சுற்றியுள்ள தூசியையும் குமிழிகளையும் இருட்டில் மறைக்கும்போதுதான் உங்கள் ஆய்வாளர் மறுபடியும் சண்டைக்கு வருவார்.