காலின் மீட்ஸை உருவாக்கியது ஆட்டுப் பண்ணையா?

மருதநிலம்:
நியூசிலாந்து ரக்பி சங்கம் 1999-ல் நூற்றாண்டின் சிறந்த வீரராக அறிவித்த காலின் மீட்ஸ், அந்நாட்டின் தே குயிட்டி ஊரில் செம்மறி ஆடு வளர்த்த விவசாயி. 1957 முதல் 1971 வரை ஆல் பிளாக்ஸ் என்ற நியூசிலாந்து தேசிய அணிக்கு 133 ஆட்டங்கள், அவற்றில் 55 டெஸ்ட், அதாவது நாடுகளுக்கிடையிலான ஆட்டம். புதர் வெட்டி, வேலிக் கம்பம் சுமந்து, மேடு ஏறி இறங்கி உரமேறிய உடம்பு அது. இன்றைய பயிற்சிக்கூடங்கள் அதைத் தராது.

கரிசல்வாசி:
ஒப்புக்கொள்ள மாட்டேன். இரு கக்கத்திலும் ஆட்டை இடுக்கிக்கொண்டு மலையேறினார் என்ற கதையைப் பேசிப் பேசியே, குடும்பம் கொடுத்த விலையை மறந்துவிட்டோம். அவர் ஆடிய ரக்பி யூனியன் என்ற ஆட்டவகையில் 1995 வரை சம்பளம் கிடையாது. அவர் மாதக்கணக்கில் வெளிநாட்டில் ஆடியபோது பண்ணையும் ஐந்து பிள்ளைகளும் யார் பொறுப்பு? மனைவி வெர்னாவின் பெயரை இங்கே யாராவது சொன்னீர்களா? தம்பி ஸ்டானும் 15 டெஸ்ட் ஆடியவர்தான். 1966-க்குப் பிறகு அவர் டெஸ்டே ஆடவில்லை.

மருதநிலம்:
விலை கொடுத்தார்கள், சரி. ஆனால் 1970 தென்னாப்பிரிக்கப் பயணத்தைப் பாருங்கள். ஈஸ்டர்ன் டிரான்ஸ்வால் என்ற அந்நாட்டு மாகாண அணிக்கு எதிராக முன்கை எலும்பு முறிந்தும் ஆட்டத்தை முடித்துவிட்டுத்தான் வெளியே வந்தார். எலும்பு சரிவரக் கூடுமுன்பே கையில் பாதுகாப்பு உறை மாட்டிக்கொண்டு மூன்றாம் டெஸ்டில் இறங்கினார். ஆடு குட்டி போடும் பருவத்தில் உடம்பு முடியவில்லை என்று படுக்க முடியுமா? அங்கே பழகியதுதான் அந்த நெஞ்சுரம்.

கரிசல்வாசி:
ஐயா, என்னை வருத்துவதே அந்தக் கைதான். அது கூடாமல் போயிருந்தால் நட்டம் சங்கத்துக்கா, பண்ணைக்கா? கையை நம்பிப் பிழைப்பவன் கையைப் பணயம் வைத்ததைப் பார்த்துக் கைதட்டுவது எனக்குச் சம்மதமில்லை.

தேன்மொழி:
அண்ணா, மருதநிலம் அவர்களே, கம்பம் சுமந்த விவசாயிகள் தே குயிட்டி இருக்கும் கிங் கன்ட்ரி வட்டாரம் முழுவதும் இருந்தார்கள். எல்லோரும் மீட்ஸ் ஆகவில்லையே! பந்தை ஒற்றைக் கையில் பற்றியபடி எதிராளிகளைத் தள்ளிக்கொண்டு ஓடும் வித்தையைப் பண்ணை கற்றுக் கொடுத்திருக்காது. முரட்டுத்தனத்தையும் மறைக்காதீர்கள். 1967-ல் மர்ரேஃபீல்டு மைதானத்தில் ஸ்காட்லாந்துக்கு எதிரான டெஸ்டில் நடுவர் அவரை வெளியேற்றினார்.

மருதநிலம்:
திறமை அவருடையது, மறுக்கவில்லை. ஆனால் இவ்வளவு புகழ் வந்தும் அவர் ஊரை விட்டுப் போகவில்லை. கடைசிவரை கிங் கன்ட்ரி அணிக்கே ஆடினார், 2017-ல் தே குயிட்டியில்தான் காலமானார். மண்ணோடு அவருக்கிருந்த பிணைப்பை வெறும் கதை என்று தள்ளிவிட முடியாது.

கரிசல்வாசி:
பிணைப்பை நான் தள்ளவில்லை. அதையே காரணம் காட்டி, ஊதியமின்றி ஆடவைத்ததை நியாயப்படுத்தாதீர்கள் என்கிறேன்.