கிரியோல் மொழிகளுக்கு இலக்கணம் கொடுத்தது குழந்தைகளா, பெரியவர்களா?

முகில்:

கொஞ்ச நாளாக கிரியோல் மொழிகளைப் பற்றிப் படிக்கிறேன். அறிமுகக் கட்டுரை எதை எடுத்தாலும் ஒரே கதைதான் வருகிறது. தோட்ட வேலைக்கு வந்த பல மொழிக்காரர்கள் சமாளிப்பதற்காகப் பிட்ஜின் என்ற ஒரு கலப்புப் பேச்சைப் பேசினார்கள், அதில் இலக்கணம் என்று சொல்லும்படி எதுவும் இல்லை, அவர்களுடைய பிள்ளைகள் அதைக் கேட்டு வளர்ந்தபோது ஒரே தலைமுறையில் அதை முழு மொழியாக்கிவிட்டார்கள், அதுதான் கிரியோல். மொழியியலாளர் டெரெக் பிக்கர்ட்டன் ஹவாயை வைத்து 1981-ல் சொன்னது இதுதான்: மனித மூளையில் பிறவியிலேயே ஒரு இலக்கண அடிப்படை இருக்கிறது, கேட்கிற மொழி போதாதபோது குழந்தை அதிலிருந்து எடுத்துக்கொள்கிறது என்று.

இதில் எனக்கு ஒன்று இடிக்கிறது. அந்தப் பெற்றோர்கள் ஒவ்வொருவரும் தன் தாய்மொழியை முழுசாகத் தெரிந்தவர்கள். இருபது முப்பது வருடம் தினமும் அந்தப் பிட்ஜினிலேயே பேசி, சண்டை போட்டு, கூலி கேட்டு, கல்யாணம் வரைக்கும் செய்துகொண்ட பிறகும் அதில் இலக்கணம் எதுவும் முளைக்கவில்லை என்றால் நம்ப முடியவில்லை. யாராவது விளக்க முடியுமா?

இன்னொன்று, மொரீஷியஸில் வேலை பார்க்கும் நண்பர் அங்கே பேசும் கிரியோலை "கொச்சை பிரெஞ்சு" என்கிறார். இல்லை என்றேன், ஆனால் சரியான காரணம் சொல்ல வரவில்லை.

நெய்தல்:

உங்கள் சந்தேகம் சரியானதுதான், அதற்கு நேரடிச் சான்றே இருக்கிறது. பப்புவா நியூ கினியின் டோக் பிசினைப் பாருங்கள். எண்ணூறுக்கு மேல் மொழிகள் உள்ள நாட்டில் இன்று ஆட்சிமொழிகளில் ஒன்று அது. வேர் 19-ஆம் நூற்றாண்டின் கப்பல்களிலும் குயின்ஸ்லாந்து, சமோவா தோட்டங்களிலும் இருக்கிறது. அங்கே போய்த் திரும்பிய ஆண்கள் அதை ஊருக்குக் கொண்டுவந்தார்கள். அதைத் தாய்மொழியாகப் பேசும் பிள்ளைகள் பெரிய எண்ணிக்கையில் வந்தது வெகு காலம் கழித்து, நகரங்கள் வளர்ந்து வெவ்வேறு மொழிக்காரர்கள் மணந்துகொண்ட பிறகுதான். அதாவது பல பத்தாண்டுகள் அது பெரியவர்களின் மொழியாகவே இருந்திருக்கிறது.

அந்த இடைவெளியில் என்ன நடந்தது? ஆங்கிலத்தில் 'அப்புறம், போகப்போக' என்று பொருள்படும் 'பை அண்ட் பை' பிட்ஜினில் 'பைம்பை' ஆகி வாக்கியத்தின் தொடக்கத்தில் தனியாக நின்றது. பிறகு 'பாய்' என்று சுருங்கி வினையை நெருங்கி, எதிர்காலக் குறியாகவே மாறிவிட்டது. 'எம் பாய் கோ' என்றால் 'அவன் போவான்'. கில்லியன் சான்காஃப், சூசன் லபெர்ஜ் இருவரும் லே நகரத்தில் பெற்றோரையும் பிள்ளைகளையும் பதிவு செய்து ஒப்பிட்டு 1973-ல் ஒரு கட்டுரை எழுதினார்கள். டோக் பிசினைத் தாய்மொழியாகக் கொள்ளாத பெற்றோரே 'பாய்'-ஐக் காலக்குறியாகப் பயன்படுத்துகிறார்கள், 'நாளைக்கு' என்ற சொல் வாக்கியத்தில் இருந்தாலும்கூட அதை விடுவதில்லை. பிள்ளைகள் செய்தது அந்தச் சொல்லின் அழுத்தத்தைக் குறைத்து, உயிரொலியை மங்க வைத்து, வேகமாக உச்சரித்ததுதான். ஓடிக்கொண்டிருந்த மாற்றத்தை அவர்கள் மேலே தள்ளினார்கள், தொடங்கி வைக்கவில்லை. எனக்குத் தெரிந்து இந்த விவாதத்தில் இதைவிடத் தெளிவான சான்று கிடையாது.

நமக்கு இது புதிதும் இல்லை. 'வந்துகொண்டு இருக்கிறேன்' என்பது பேச்சில் 'வந்துட்டிருக்கேன்' ஆகிவிட்டது, அதில் 'கொள்' என்ற வினை இருந்ததே காதில் விழுவதில்லை. 'சாப்பிட்டுவிட்டேன்'-இல் யாரும் எதையும் 'விட'வில்லை. டோக் பிசினில் 'மி கைகை பினிஸ்' என்றால் 'நான் சாப்பிட்டுவிட்டேன்'. அந்த 'பினிஸ்' ஆங்கில 'ஃபினிஷ்'.

எனக்கு மிகவும் பிடித்தது அதன் தன்மைப் பன்மை. 'யுமி' என்றால் நாம், 'மிபெலா' என்றால் நாங்கள். கேட்பவரைச் சேர்த்தா சேர்க்காமலா என்ற இந்த வேறுபாடு ஆங்கிலத்தில் கிடையாது, அந்தத் தீவுகளின் மொழிகளில் உண்டு. சொல் ஆங்கிலத்திலிருந்து, வேறுபாடு தீவுக்காரர்களிடமிருந்து. 'மி லுகிம் யு' ('நான் உன்னைப் பார்க்கிறேன்') என்பதில் வரும் '-இம்' கூட, அந்த வினைக்குச் செயப்படுபொருள் உண்டு என்று காட்டும் விகுதி, அதற்கும் அந்தத் தீவுகளின் ஓசியானிய மொழிகளில் இணை இருக்கிறது. ரோஜர் கீசிங் இதை 1988-ல் ஒரு முழு நூலாகவே எழுதினார்.

மொரீஷியஸ் நண்பருக்கு: 'மோ மான்ஸே' என்றால் சாப்பிடுகிறேன். 'மோ பே மான்ஸே' சாப்பிட்டுக்கொண்டிருக்கிறேன், 'மோ டி பே மான்ஸே' சாப்பிட்டுக்கொண்டிருந்தேன், 'மோ பு மான்ஸே' சாப்பிடுவேன். இதில் 'டி பே' என்பதை 'பே டி' என்று மாற்றிப் போட முடியாது. பிரெஞ்சு நன்றாகத் தெரிந்தவர் தன் இஷ்டத்துக்குக் கொச்சையாக்கிப் பேசினால் அது கிரியோல் ஆகாது, அது தப்பான கிரியோல். தப்பு என்று ஒன்று இருக்கிறதென்றால் விதி இருக்கிறது என்றுதானே பொருள். 2012-லிருந்து அங்கே தொடக்கப் பள்ளியில் அது பாடமாகவும் இருக்கிறது.

பனைநிழல்:

நெய்தல் சொன்னதில் பெரும்பாலானதை ஒப்புக்கொள்கிறேன், ஆனால் குழந்தைகளை இவ்வளவு ஓரமாகத் தள்ளக் கூடாது.

ஹவாயில் பிக்கர்ட்டன் சறுக்கினார் என்பது உண்மை. சாரா ராபர்ட்ஸ் பழைய செய்தித்தாள்கள், நீதிமன்ற வாக்குமூலங்கள் எல்லாம் தோண்டிப் பார்த்தபோது, தீவில் பிறந்த முதல் தலைமுறை வீட்டு மொழியையும் பேசிய இருமொழிக்காரர்கள் என்றும், கிரியோல் நிலைபெற்றது அதற்கு அடுத்த தலைமுறையில் என்றும் தெரியவந்தது. மொழியே கிடைக்காமல் தவித்த குழந்தைகள் அங்கே இல்லை.

ஆனால் உண்மையிலேயே மொழி கிடைக்காத குழந்தைகளைப் பார்க்க நிகராகுவாவுக்குப் போக வேண்டும். 1970-களின் பிற்பகுதி வரை அங்கே காது கேளாத பிள்ளைகள் ஆளுக்கொரு வீட்டில் தனித்தனியாக, குடும்பத்துக்கு மட்டும் புரியும் சைகைகளோடு வளர்ந்தார்கள். 1977-ல் மனாகுவாவில் அவர்களுக்கு ஒரு சிறப்புப் பள்ளி, 1980-ல் தொழிற்பயிற்சிப் பள்ளி. வகுப்பில் ஆசிரியர்கள் கற்றுக்கொடுக்கப் பார்த்தது உதட்டசைவும் ஸ்பானிஷும்தான். பிள்ளைகளோ விளையாட்டுத் திடலிலும் பேருந்திலும் தங்களுக்குள் ஒரு சைகை மொழியை உண்டாக்கிக்கொண்டார்கள், அதை அவர்களுக்கு யாரும் கற்பிக்கவில்லை.

இதில் முக்கியமானது ஆன் செங்காஸ் குழுவினர் 2004-ல் காட்டியது. ஒரு பந்தை விழுங்கிய பூனை சரிவான தெருவில் உருண்டுகொண்டே இறங்குகிற கேலிச்சித்திரத்தைக் காட்டி, அதைச் சொல்லச் சொன்னார்கள். ஸ்பானிஷ் பேசுபவர்கள் பேச்சோடு கைகாட்டும்போது உருள்வதையும் இறங்குவதையும் ஒரே அசைவில் காட்டினார்கள். முதலில் பள்ளிக்கு வந்து இப்போது பெரியவர்களாகிவிட்ட சைகைக்காரர்களும் பெரும்பாலும் அப்படித்தான். பின்னால் சேர்ந்த இளையவர்கள் அதை இரண்டாக உடைத்தார்கள்: 'உருள்', அடுத்து 'இறங்கு'. நிஜத்தில் இரண்டும் ஒன்றாக நடக்கிறது, பார்த்ததை அப்படியே நடித்துக் காட்டினால் உடைக்க அவசியமே இல்லை. ஆனால் உடைத்தால்தான் 'உருள்' தனி உறுப்பாகி, வேறு வினைகளோடு சேரும். இந்தப் பகுப்பைப் பெரியவர்கள் செய்யவில்லை, தாங்கள் பார்த்து வளர்ந்த சைகைகளில் இல்லாத ஒன்றைச் சிறுவர்கள் உள்ளே கொண்டுவந்தார்கள். டோக் பிசினில் பெற்றோரிடம் ஏற்கெனவே முழு மொழிகள் இருந்தன, அதனால் பிள்ளைகளுக்கு மிச்சம் இருந்த வேலை குறைவு. இரண்டையும் ஒரே தட்டில் வைக்கக் கூடாது என்பதுதான் நான் சொல்வது.

தேனாடு:

யாரும் எங்கள் ஊர்ப் பக்கம் வரவில்லையே! மட்டக்களப்பிலும் திருகோணமலையிலும் ஐரோப்பிய வழிவந்த பறங்கியர் குடும்பங்களில் போர்த்துக்கீசக் கிரியோல் இன்னும் கதைக்கிறார்கள், ஆட்கள் குறைந்துகொண்டு வருகிறார்கள். போர்த்துக்கீசர் 1505-ல் வந்தார்கள், 1658-ல் ஒல்லாந்தர் (டச்சுக்காரர்) அவர்களை முழுசாக வெளியேற்றினார்கள். மொழி மட்டும் போகவில்லை, ஒல்லாந்தர் வீடுகளுக்குள்ளேயே புகுந்துவிட்டது.

அதன் இலக்கணத்தைப் பார்த்தால் எங்களுக்கு அதிசயமாக இருக்கும். இயன் ஸ்மித் 1970-களில் இருந்து விரிவாக எழுதியிருக்கிறார். சொற்கள் போர்த்துக்கீசம், ஆனால் வினை வாக்கியத்தின் கடைசியில் வருகிறது. 'பாரா' என்ற முன்னிடைச்சொல் தேய்ந்து 'ப' என்று பெயருக்குப் பின்னால் ஒட்டும் உருபாகிவிட்டது. எங்கள் 'கு' வரும் இடங்களில் அது வரும், 'ஐ' வரும் இடங்களிலும் வரும். 'எனக்குப் பசிக்கிறது' என்பதுபோல் அனுபவிப்பவரை நான்காம் வேற்றுமையில் வைப்பதும் உண்டு. 'சொல்' என்று பொருள்படும் 'ஃபலார்' என்ற வினை, 'என்று' செய்கிற வேலையைச் செய்கிறது. தமிழிலும் 'என்று' என்பது 'என்' என்ற சொல்லுதல் வினையிலிருந்து வந்ததுதானே, அதே வழியில் போயிருக்கிறார்கள்.

இதை ஒரு தலைமுறைக் குழந்தைகள் செய்ததாக நான் நினைக்கவில்லை. வீட்டில் கிரியோல், தெருவில் தமிழ் என்று பரம்பரை பரம்பரையாக இரண்டையும் பேசியவர்கள் கொஞ்சம் கொஞ்சமாக இணைத்தது. முகில், நீங்கள் குழந்தையா பெரியவரா என்று கேட்டீர்கள். எங்கள் ஊரில் மொழி பிறந்த நாளில் அந்தக் கேள்வி முடியவில்லை, பக்கத்து வீட்டு மொழி முந்நூறு வருடம் கழித்தும் இலக்கணத்தை மாற்றிக்கொண்டிருந்தது.

முகில்:

அருமை, நன்றி. பனைநிழல் சொன்ன பூனை விஷயம் மனதில் நன்றாகப் பதிந்துவிட்டது. அப்படியென்றால் கிரியோல் என்பது இலக்கண அமைப்பில் தனி வகையா, இல்லை வரலாறு மட்டும்தான் வேறா? மட்டக்களப்புப் பேச்சை எங்கே கேட்கலாம்?

நெய்தல்:

மொழியியலாளர் ஜான் மெக்வோர்ட்டர் தனி வகை என்கிறார். கிரியோல்களில் விகுதிகள் மிகக் குறைவு, தொனியால் சொல்லை வேறுபடுத்துவது அரிது, இளம் மொழி என்பதால் பழைய சுமை சேரவில்லை என்பது அவர் வாதம். மிஷேல் டிகிராஃப் ஹெய்ட்டியில் பிறந்தவர், எம்ஐடி பேராசிரியர், இதைக் கடுமையாக மறுக்கிறார். இந்தப் பிரிப்பே அடிமைக் காலத்துப் பார்வையின் மிச்சம் என்றும், ஹெய்ட்டியில் கிட்டத்தட்ட எல்லோரும் கிரியோல் பேசும்போது பள்ளி மட்டும் பிரெஞ்சில் நடந்ததற்கு அந்தப் பார்வையும் ஒரு காரணம் என்றும் சொல்கிறார். நான் டிகிராஃப் பக்கம். தேனாடு சொன்ன வேற்றுமை உருபுகளையே எடுத்துக்கொள்ளுங்கள். 'அவை பின்னால் வந்தவை' என்று மெக்வோர்ட்டர் பக்கத்தவர்கள் பதில் சொல்லலாம், சரி, ஆனால் பின்னால் வந்ததைத் தள்ளிவிட்டுத்தான் வகை பிரிக்க வேண்டும் என்றால் அது இலக்கணத்தைப் பற்றிய கூற்று இல்லை, வயதைப் பற்றியது.

தேனாடு:

லிஸ்பன் பல்கலைக்கழகத்து ஹூகோ கார்டோசோவும் குழுவினரும் மட்டக்களப்பு, திருகோணமலைப் பேச்சாளர்களை ஒலி, ஒளிப்பதிவு செய்து ஆவணப்படுத்தியிருக்கிறார்கள், இணையத்தில் அவர் பெயரைப் போட்டுத் தேடுங்கள். சொல் புரியாவிட்டாலும் வாக்கியத்தின் கடைசியில் எது வருகிறது என்று கவனித்துக் கேளுங்கள்.